மின்னாம்பாறையில் ஆள் இருக்காங்க!

"ஆளே இல்லாத ஊர்ல ஆள் எப்படிம்மா காணாமப் போவான்?"

மேலாளர் சுதர்சன் இதைச் சிரித்துக்கொண்டே கேட்டார். அந்தச் சிரிப்பின் மேல் ஒரு கல்லை எடுத்து எறிய வேண்டும் போலிருந்தது பவளத்துக்கு. சுரங்க வாசலில் வெள்ளைச் சேலையும் மாவு பூசிய முகமுமாக மோகினி வேடத்தில் நின்றிருந்தாள். உள்ளே சங்கிலிப் பேயாக நடிக்கப் போன அவள் கணவன் மதியழகன் இன்னும் வெளியே வரவில்லை. காட்சி எப்போதோ முடிந்துவிட்டது.

"சார், தீயணைப்புக்குப் போன் பண்ணுங்க!"

"பண்ணா பத்திரிகைக்காரன் வருவான். அடுத்த பஸ் வர நேரம். உள்ள எங்கயாவது படுத்துத் தூங்கியிருப்பான். நம்ம வேலையாள் பட்டியல்லகூட அவன் பேரு கிடையாது, தெரியுமில்ல?"

மின்னாம்பாறை ஒரு காலத்தில் காக்காப்பொன் வெட்டிய ஊர். கண்ணாடி ஏடுபோல் பிரியும் அந்த மினுக்குக் கல்லுக்காகவே கடைத்தெருவும் சினிமாக் கொட்டகையும் முளைத்தன. சுரங்கம் மூடியதும் ஊர் திருப்பூருக்கும் பெங்களூருக்கும் பஸ் ஏறியது. போக வழியில்லாத சில குடும்பங்கள் மட்டும் தங்கிவிட்டன. பிறகு நகரத்திலிருந்து ஒரு கம்பெனி வந்து, 'பேய் நகரம்' என்று டிக்கெட் விற்றது. பஸ் நிற்கும் நேரத்தில் துணி காயப்போடக் கூடாது, அடுப்பு புகையக் கூடாது, குழந்தை அழக் கூடாது. சொந்த ஊரில் உயிரோடு இருப்பதை ஒளித்து வைக்கக் கூலி கொடுத்தார்கள். பவளமும் வாங்கினாள். அந்தக் கோபம் கம்பெனி மேல் பாதி, தன் மேலேயே பாதி.

"அண்ணி, இந்த ஆள்கிட்ட என்ன பேச்சு? நாமளே போவோம், வாங்க!" என்று முன்னால் பாய்ந்தாள் மதியழகனின் தங்கை அரசி.

பயணிகளை ஏற்றி வந்த பஸ்ஸின் டிரைவர் ஜின்னா, டார்ச்சும் கயிறுமாக ஓடி வந்தார். "நானும் வரேன் தங்கச்சி. வண்டிச் சாவி என்கிட்ட. நான் இல்லாம எவனும் கிளம்ப முடியாது!"

மூவரும் உள்ளே நுழைந்தார்கள். வௌவால்கள் தலைக்கு மேல் சீறிக் கலைந்தன. டார்ச் பட்ட இடமெல்லாம் சுவர் மினுமினுத்தது. கம்பெனி தொங்கவிட்ட பிளாஸ்டிக் மண்டையோடு ஒன்று அரசியின் நெற்றியில் இடித்தது. அவள் அதைப் பிய்த்து எறிந்தாள்.

சுவரில் கையகலத்துக்கு விளக்கு மாடங்கள் இருந்தன. சுரங்கத்தில் வேலை செய்தவர்கள் குடைந்தவை. வெளியே வருபவனுக்கு மாடம் எப்போதும் வலது கைப்பக்கம். விளக்கு அணைந்தாலும் கவலையில்லை. தடவி ஒரு மாடத்தைக் கண்டுபிடித்து, அது வலது கைக்கு வரும்படி திரும்பி நடந்தால் வாசல் வந்துவிடும். மின்னாம்பாறையில் பிறந்த எல்லாருக்கும் இது தெரியும்.

மதியழகன் பேயாக நிற்கும் இடத்தில் அவன் டார்ச் மட்டும் கிடந்தது. ஜின்னா தட்டிப் பார்த்தார். எரியவில்லை.

"டார்ச் போனா என்ன? அண்ணன் மாடத்தப் புடிச்சு வந்திருக்கலாமே!" என்றாள் அரசி.

பவளம் கண்களை மூடிக்கொண்டு, இருட்டில் தடவுவதுபோல் சுவரைத் தடவினாள். ஒரு மாடம் அகப்பட்டது. உள்ளே விரலை விட்டாள். காய்ந்த சிமெண்ட்! எதிர்ச்சுவருக்கு ஓடி இன்னொரு மாடத்தில் கை வைத்தாள். வழவழவென்று பழைய எண்ணெய்க் கரி விரலில் ஒட்டியது.

"பாவிங்களா!" என்று கத்தினாள். "போட்டோவுக்கு அழகா இருக்கணும்னு ரெண்டு பக்கமும் மாடம் கட்டியிருக்கானுங்க! மாமா பொய் மாடத்த வலது கையில புடிச்சிருக்காரு. அப்படின்னா வெளிய வரல. உள்ள போயிருக்காரு!"

கம்பெனியின் தடுப்புக் கயிற்றைத் தாண்டி ஓடினார்கள். தரை சரிந்தது. முட்டுக் கொடுத்த மரங்கள் உளுத்து முனகின.

"மாமா...!"

கீழேயிருந்து சங்கிலி குலுங்கும் சத்தம் வந்தது!

ஒரு பழைய குழியின் அடியில் மதியழகன் சாய்ந்து நின்றிருந்தான். இடுப்பளவு தண்ணீர். கால் இரண்டு பாறைகளுக்கு நடுவே மாட்டியிருந்தது.

"பவளம்? இங்க எதுக்குடி வந்த? மேல மரம் உளுத்துருக்கு, போயிடு!"

"வாய மூடுங்க! எல்லாக் கோபத்தையும் வீட்ல வெச்சுக்கறேன்!"

ஜின்னா கயிற்றைத் தன் இடுப்பில் கட்டிக்கொண்டு பாறையில் காலை ஊன்றினார். மறுமுனையைப் பிடித்துப் பவளம் இறங்கினாள். மோகினிச் சேலையைக் கிழித்து அவன் காலைச் சுற்றி, பல்லைக் கடித்துக்கொண்டு இழுத்தாள். அவன் அலறினான். கால் வந்தது. தோலில் பாதி வரவில்லை.

"தூக்குங்கண்ணே!"

மேலே ஏறியதும் முட்டு மரம் ஒன்று படீரென்று முறிந்தது. கல் சரிந்தது. டார்ச் பறந்து குழிக்குள் விழ, கும்மிருட்டு!

"நகராதீங்க! மாடத்தத் தொட்டதும் கைய மோந்து பாருங்க. எண்ணெய்க் கரி வாசம் அடிச்சா நம்மளோடது!" என்றாள் பவளம்.

மோந்து, தடவி, மதியழகனைத் தோளில் சுமந்து நால்வரும் நகர்ந்தார்கள். கடைசியில் வெளிச்சம் தெரிந்தது.

வாசலில் இரண்டு பஸ் கூட்டம் நின்றது. ரத்தமும் சேறுமாக இவர்கள் வெளியே வந்ததும் சுதர்சன் மைக்கைப் பிடித்தார். "லேடீஸ் அண்ட் ஜென்டில்மென்! இன்றைய சிறப்புக் காட்சி! கை தட்டுங்க!"

ஜனங்கள் கை தட்டினார்கள். போன்கள் உயர்ந்தன.

பவளத்துக்குள் ஏதோ வெடித்தது. கணவனை அரசியிடம் சாய்த்துவிட்டுப் போய் மைக்கைப் பிடுங்கினாள். கிழிந்த முந்தானையால் முகத்து மாவைத் துடைத்தாள்.

"கை தட்டாதீங்க! இது நிஜ ரத்தம். இவரு என் வீட்டுக்காரரு. இவரு செத்திருந்தா, 'இங்க ஆளே இல்ல'ன்னு இந்த ஆளு எழுதிக் கொடுத்திருப்பான். மின்னாம்பாறையில் ஆள் இருக்காங்க!"

பிறகு தெருப் பக்கம் திரும்பி, தொண்டை கிழியக் கத்தினாள். "எல்லாரும் வெளிய வாங்க! குழந்தையத் தூக்கிட்டு வாங்க! எதுக்கு ஒளியணும்?"

ஒரு கதவு திறந்தது. அப்புறம் இன்னொன்று. இடிந்த கொட்டகையின் பின்னாலிருந்து பெண்கள் வந்தார்கள். அடக்கி வைத்திருந்த குழந்தை ஒன்று வீறிட்டு அழுதது. கை தட்டியவர்கள் தலை குனிந்தார்கள். கூட்டத்தில் ஒருவர் ஆம்புலன்ஸுக்குப் பேசினார். சுதர்சன் காரைத் தேடினார்.

படங்கள் எல்லார் போனிலும் ஓடின. கம்பெனியின் அனுமதி போனது. பொய் மாடங்களை ஊரே சேர்ந்து சுத்தியலால் உடைத்தது. முதல் அடி பவளத்துடையது. சுரங்கத்தில் பத்திரமான முன்பகுதியை மட்டும் திறந்து, ஊர்க்காரர்களே சுற்றிக் காட்டத் தொடங்கினார்கள். காக்காப்பொன்னை ஏடு ஏடாகப் பிரிப்பதை மதியழகன் உட்கார்ந்தபடியே செய்து காட்டினான். பஸ் வரும் நேரத்தில்தான் எல்லா வீட்டிலும் அடுப்பு புகைந்தது, சாப்பாடு விற்பதற்காக.

ஓர் ஊர் செத்துவிட்டதா என்று வெளியூர்க்காரன் சொல்லக் கூடாது. அங்கே இருப்பவர்களைத்தான் கேட்க வேண்டும். அவர்களும் யாராவது வந்து கேட்கும்வரை காத்திருக்கக் கூடாது.

ஊர்க்காரர்கள் சுற்றிக் காட்டத் தொடங்கிய முதல் ஞாயிறன்று ஜின்னாவின் பஸ்ஸிலிருந்து இறங்கிய ஒருவர் ஏமாற்றத்தோடு சுற்றிப் பார்த்தார். "என்னங்க, பேய் எங்கே?"

"அது அன்னைக்கே கார் ஏறி டவுனுக்குப் போயிடுச்சுங்க" என்றாள் அரசி. "நீங்க சாப்பிடுங்க. கொழம்பு ஆறுது."