வேடம் கழிக்கும் அறை

காலை ஒன்பது மணிக்கு முதல் ஆள் வந்துவிடுவார். நாற்காலியில் சாயச் சொல்லி, தலையில் நினைவுவலையைப் பொருத்தி, நாற்பது நிமிடத்தில் வேடத்தைக் கழித்து அனுப்புவேன். இப்போது யாரும் நடிப்பதில்லை. பாத்திரத்தின் வாழ்க்கையையே மூளையில் ஏற்றிவிடுகிறார்கள். ஷூட்டிங் முடிந்த ஒரு வாரத்துக்குள் அதை இறக்கியாக வேண்டும் என்பது சட்டம். இல்லாவிட்டால் வில்லனாக வந்தவர் வில்லனாகவே வீட்டுக்குப் போவார்.

என்னிடம் அதிகம் வந்தவர் சென்னியப்பன். பெருந்துறைக்காரர், நாடகத்திலிருந்து சினிமாவுக்கு வந்தவர். முப்பது வருடத்தில் முந்நூறு வேடம். கண்டக்டர், பிணவறைக் காவலாளி, சாமியார், மந்திரி, அப்புறம் எண்ண முடியாத அளவுக்குத் தகப்பன்கள். கதாநாயகன் பெயரை மறந்தவர்கள்கூட, "அப்பாவா வருவாரே" என்று இவரைச் சொல்வார்கள். போஸ்டரில் மட்டும் அவர் முகம் வந்ததே இல்லை. எனக்கு அவரை ரொம்பப் பிடிக்கும். இதைச் சொல்லிவிட்டுத்தான் மற்றதைச் சொல்ல வேண்டும்.

ஏற்றிய நினைவுகளில் அடையாளக் குறி இருக்கும். அவருடைய ஆரம்ப காலப் படங்களில் அந்த வசதி கிடையாது. ஒட்டிக்கொண்டிருக்கும் மிச்சங்களைக் கண்ணால் பார்த்துத்தான் கழிக்க வேண்டும். அதில் எனக்குக் கொஞ்சம் கர்வம் உண்டு. சொந்த நினைவு சப்பென்று இருக்கும், சினிமா நினைவு ஜோடனையாக இருக்கும், பார்த்த மாத்திரத்தில் சொல்லிவிடுவேன். ஆவணியில் ஒன்று அகப்பட்டது. கொட்டும் மழை, உடைந்த பாலம், கழுத்தளவு வெள்ளம், காய்ச்சலில் மயங்கிய ஐந்து வயது மகளைத் தலைமேல் தூக்கிக்கொண்டு நடக்கும் தகப்பன். யாரோ ஒரு டைரக்டர் சோகத்தை இப்படி அள்ளிக் கொட்டியிருக்கிறாரே என்று சிரித்துக்கொண்டே, அதோடு ஒட்டியிருந்த உணர்ச்சிகளையும் சேர்த்து வேரோடு அழித்தேன்.

மூன்று வாரம் கழித்து அவர் மகள் இளவெயினி என்னைத் தேடி வந்தாள்.

"அப்பா மாறிட்டாருங்க. நல்லாத்தான் பேசறாரு. ஆனா ஊட்டுக்கு வந்த விருந்தாளிகிட்டப் பேசற மாதிரி இருக்குது. சின்ன வயசுல என்னைய வெள்ளத்துல தலைமேல தூக்கிட்டுப் போயிக் காப்பாத்துனவருங்க. அதைச் சொன்னா, 'அப்படியா'ங்கறாரு."

நான் சிரித்துக்கொண்டே அழித்தது சினிமாவே இல்லை. "வேலைக் களைப்பும்மா, சரியாயிடும்" என்றேன். பாவி, அந்த நேரத்திலும் என் வேலை போய்விடுமே என்றுதான் நினைத்தேன்.

அடுத்த முறை சென்னியப்பன் வந்தபோது மறைக்க முடியவில்லை. அழுதுகொண்டே எல்லாவற்றையும் சொன்னேன். அழித்ததை மீட்க வழியில்லை என்பதையும் சொன்னேன். அவர் கோபப்படவில்லை. நாலு அறை விட்டிருந்தால்கூடத் தாங்கியிருப்பேன்.

"எம்புள்ளைன்னு தெரியுது அம்மிணி. பேரு, படிப்பு எல்லாந் தெரியுது. பாசந்தான் எங்க போச்சுன்னு தெரீல" என்றார். "அவகிட்டச் சொல்லிப்போடாதீங்க. இந்த ஒரு வேடத்தை நானே நடிச்சுக்கறேன்."

"நினைவை ஏத்தாமலா ஐயா?"

"மேடையில எதைய ஏத்துனாங்க?"

இன்று காலை இளவெயினி போன் செய்தாள். குரலில் அத்தனை சந்தோஷம்.

"அப்பா பழையபடி ஆயிட்டாருங்க! நேத்து அவராவே அந்த வெள்ளத்தப் பத்திப் பேசுனாரு. நான் பயந்துக்கக் கூடாதுன்னு வழி நெடுகப் பாட்டுப் பாடிட்டே போனாராம். இத்தனை வருசம் எங்கிட்டச் சொன்னதே இல்லீங்க. நீங்க அவரு மனசுக்குள்ள பாக்கறவங்கதானே, நெசமாப் பாடுனாருங்களா?"

அவர் பாடவில்லை. கரை சேரும்வரை, "சாமி, என்னைய எடுத்துக்க, இவளை உட்டுரு" என்று தொண்டை கிழியக் கத்திக்கொண்டே போனார். வசனம் கொஞ்சம் அதிகம் என்று அன்று நினைத்தவள் நான். அவருக்கு இனி அது தெரியாது. மயங்கிக் கிடந்தவளுக்கு என்றைக்குமே தெரியாது. உலகத்தில் அந்தக் குரலைக் கேட்டவள் நான் ஒருத்திதான்.

"பாடினார்மா" என்றேன். "நல்லாப் பாடினார்."