அம்சவல்லி போட்ட கையெழுத்து

வாசல் தெளித்த ஈரம்கூடக் காயவில்லை, அதற்குள் வீட்டில் ரகளை! கர்ப்பப்பையைக் கட்டியோடு எடுத்து நாற்பது நாள்தான் ஆகிறது, தையல் இன்னும் சுருக்கென்று இழுக்கிறது. அந்த வலியோடு அம்சவல்லி கையிலிருந்த தாளை வெறித்துக்கொண்டு நின்றாள்.

கொண்டுவந்தவள் தஹ்மீனா. ஆஸ்பத்திரியின் ஆராய்ச்சிப் பிரிவில் வேலை. "உங்க கர்ப்பப்பையில கொஞ்சம் எடுத்து ஆராய்ச்சிக்கு வச்சிருக்கோம்மா. இப்ப ரத்தமும் வேணும். நீங்கதானே சம்மதிச்சுக் கையெழுத்துப் போட்டிருக்கீங்க?"

"நானா? இது என் கையெழுத்தே இல்லையே!"

வயலுக்குத் தண்ணீர் வைத்துவிட்டு அப்போதுதான் வந்த கணவர் மருதையன் தலையைக் குனிந்துகொண்டார். பயிர்க்கடனோ காப்பீடோ, மனைவி பேரில் எந்தத் தாள் வந்தாலும் அவரே அவள் பேரை எழுதிவிடுவது இருபத்தெட்டு வருஷப் பழக்கம். மகளிர் குழுவுக்குத் தலைவியாக வாராவாரம் கையெழுத்துப் போடுகிறவள் இவள்! வீட்டில் மட்டும் யாரும் அவளிடம் பேனாவை நீட்டியதில்லை.

மகன் இளவழகனுக்கு எரிச்சல். "வெட்டி எறிஞ்ச சதைக்கு இவ்ளோ சண்டையாம்மா? நாளைக்கு செக்கப்புக்கு அங்கதானே போயாகணும்..."

"சதையா? நீ பத்து மாசம் கெடந்த எடம்டா அது!" குரல் உடைந்தது. ஆனாலும் விடவில்லை. "ஏம்மா தஹ்மீனா, வேணாம்னு சொன்னா வைத்தியத்த நிறுத்திடுவீங்களா?"

"இல்லம்மா. அதுக்கும் இதுக்கும் சம்பந்தமே இல்ல. வேணாம்னா எடுத்ததை அழிச்சிடுவோம். எங்க ஆளு உங்ககிட்ட நேரா கேட்டிருக்கணும். தப்பு எங்களுதுதான்."

மருதையன் பொலபொலவென்று அழுதுவிட்டார். "அம்சம்... கையெழுத்துப் போடலன்னா ஆபரேசனே பண்ண மாட்டாங்களோன்னு பயந்துட்டேன். நீ பொழச்சா போதும்னு இருந்துச்சு. மன்னிச்சிடு..."

அவளுக்கும் கண் நிறைந்தது. முந்தானையால் அவர் முகத்தைத் துடைத்தாள். "பயந்தீங்க, சரி. ஆபரேசனுக்கு முதநாள் முழுக்க நான் முழிச்சுக்கிட்டுத்தானே கெடந்தேன்? ஒரு வார்த்தை கேக்கக் கூடாதாங்க?"

"ஆராய்ச்சியால நாலு பேரு பொழைப்பாங்கம்மா," என்று மகன் முணுமுணுத்தான்.

"பொழைக்கட்டும்டா! ஆனா என்னைக் கேக்காம எடுத்தது வேணாம். இனிமே யார்கிட்ட எடுத்தாலும் அவங்ககிட்டயே நேரா கேக்கச் சொல்லு."

தஹ்மீனா வேறொரு தாளை எடுத்து, சம்மதத்தைத் திரும்பப் பெறுவதாக எழுதியிருந்ததை வரிவரியாகப் படித்துக் காட்டினாள். இளவழகன் எழுந்து வந்து அம்மாவுக்கு நாற்காலி போட்டான். அம்சவல்லி உட்கார்ந்து, யாருக்காகவும் அவசரப்படாமல், தன் பேரை ஒவ்வோர் எழுத்தாக எழுதினாள். காற்றில் பறக்காதபடி தாளின் ஓரத்தை மருதையன் அழுத்திப் பிடித்துக்கொண்டார்.