கிளை மாறிய வாத்து

வாத்தைப் பார்த்ததும் பம்பரம் கண்ணைக் கசக்கிக்கொண்டு மறுபடி பார்த்தாள்.

நிஜ வாத்து இல்லை. பிளைவுட்டில் வெட்டி, வெள்ளை அடித்து, மஞ்சள் அலகு வரைந்து, பெரிய பச்சைப் பலகையில் ஒற்றைத் திருகாணியால் மாட்டியிருந்த வாத்து. பலகையில் ஒரு மரம். மரத்தின் கிளைகளில் பன்னிரண்டு பறவைகள். மேலே கொட்டை எழுத்தில் 'பறவைகளின் குடும்ப மரம்'. எல்லாம் அவளுடைய அப்பாவின் கைவண்ணம். பெயர்ப்பலகை எழுதுவதுதான் அவர் தொழில்.

எந்தப் பறவை எதற்குச் சொந்தமோ அது அதன் பக்கத்தில் இருக்க வேண்டும். அதுதானே குடும்ப மரம்? ஆனால் இந்த வாத்து கோழிக்குப் பக்கத்தில் இருந்தது! ஒரு கிளை இரண்டாகப் பிரிந்து, ஒரு நுனியில் கோழி, மறு நுனியில் வாத்து.

"போச்சு! அப்பா மறுபடியும் தப்பு பண்ணிட்டாரு" என்று முணுமுணுத்தாள் பம்பரம்.

மறுபடியும் என்பதற்கு ஒரு கதை இருக்கிறது. போன மாதம் இந்தப் பலகையை எழுதச் சொன்ன பறவைப் பூங்காவுக்கே அப்பா ஒரு கழிப்பறைப் பலகை எழுதிக் கொடுத்தார். எழுத்தெல்லாம் முத்து முத்தாக இருந்தது. அம்புக்குறிதான் பக்கம் மாறிவிட்டது. அவசரமாக ஓடியவர்கள் எல்லோரும் கொக்குக் குட்டையில் போய் நின்றார்கள். பூங்கா மேலாளர் வானத்துக்கும் பூமிக்கும் குதித்தார். "இன்னும் ஒரே ஒரு தப்பு வரட்டும், மீதி இருக்கிற பன்னெண்டு பலகையையும் வேற ஆளுக்குக் கொடுத்துடுவேன்" என்று சொல்லிவிட்டார்.

இன்றைக்கு நான்கு மணிக்கு இந்தப் பலகையின் திறப்பு விழா. இப்போது மணி ஒன்றரை.

அப்பா தன் பட்டறையில் வண்ண டப்பாக்களுக்கு நடுவில் பாயை விரித்துப் படுத்திருந்தார். மூன்று நாளாக அவர் முதுகைச் சாய்க்கவே இல்லை. "அரை மணி நேரம் கண்ணை மூடிக்கறேன். ஈரத்துல ஈ உட்காராம பார்த்துக்கோ" என்று பம்பரத்திடம் சொன்னவர், சொல்லி முடிப்பதற்குள் குறட்டை விட்டுவிட்டார்.

"அப்பா... அப்பா..."

"ம்... காயட்டும்" என்று புரண்டு படுத்தார் அப்பா.

பம்பரம் கதவு வரை போனாள். திரும்பி வந்தாள். வாத்தைப் பார்த்தாள். மறுபடியும் கதவு வரை போனாள். பத்து வயதுக்காரியான அவளுக்கு அந்தப் பெயர் சும்மா வரவில்லை. உட்கார்ந்து யோசிப்பது என்பதே அவளுக்குத் தெரியாது. நடந்துகொண்டே யோசிப்பாள், யோசித்து முடிப்பதற்குள் செய்துவிடுவாள்.

வாத்து நீந்துகிறது. விரல்களுக்கு நடுவில் தோல் இருக்கிறது. அதோ, வலது ஓரக் கிளையில் பையைப் போல அலகைத் தொங்கவிட்டுக்கொண்டு இருக்கிறதே கூழைக்கடா, அதுவும் நீந்துகிறது. அதற்கும் விரல்களுக்கு நடுவில் தோல் இருக்கிறது. கோழியைத் தண்ணீரில் விட்டால் என்ன ஆகும்? பால்குடிக்கிற குழந்தைக்குக்கூடத் தெரியும்.

திருப்புளியை எடுத்தாள். வாத்தைக் கழற்றினாள். கூழைக்கடாவின் பக்கத்தில் கொண்டுபோய் மாட்டினாள். அதன் காலடியில் பழுப்பு வண்ணத்தால் ஒரு சின்னக் கிளையும் இழுத்தாள். கோழிக்குப் பக்கத்தில் சும்மா நீட்டிக்கொண்டிருந்த கிளை நுனியைப் பச்சையால் மறைத்தாள். புதுக்கிளை கொஞ்சம் கம்பளிப்பூச்சி போல இருந்தது. பரவாயில்லை, தூரத்திலிருந்து பார்த்தால் தெரியாது.

அப்பாவிடம் சொல்ல வேண்டாம் என்று முடிவு செய்தாள். சொன்னால் அவர் வருத்தப்படுவார். அப்பா மானத்தைக் காப்பாற்றியாகிவிட்டது, அது போதும் என்று நினைத்தாள்.

வாசலில் அம்மாவின் வேன் ஹாரன் அடித்தது. சாமான் ஏற்றி இறக்கும் வேனை ஓட்டுவது அம்மாவின் வேலை. அம்மாவுக்குக் காத்திருக்கப் பிடிக்காது. அப்பா அடித்துப் பிடித்து எழுந்து, பலகையைப் பார்க்காமலேயே மேலே ஒரு துணியைப் போர்த்தினார். மூவரும் பிடித்துத் தூக்கி வேனில் ஏற்றினார்கள்.

"அந்தப் பேப்பரையெல்லாம் எடுத்துக்கோ. டாக்டரம்மா வரைஞ்சு கொடுத்தது, திருப்பித் தரணும்" என்றார் அப்பா.

டாக்டரம்மா என்றால் பூங்காவின் பறவை மருத்துவர். எந்தப் பறவை எங்கே வர வேண்டும் என்று தாளில் வரைந்து கொடுத்தவர் அவர்தான். பம்பரம் தாள்களை மடியில் வைத்துக்கொண்டு நடு இருக்கையில் உட்கார்ந்தாள். வேன் கிளம்பியது. காற்றில் தாள்கள் படபடத்தன. அழுத்திப் பிடித்தவள் கண்ணில் முதல் தாளின் ஓரம் பட்டது. சிவப்பு மையில் எழுதியிருந்தது.

'கோழியும் வாத்தும் ஒரே கிளையில்தான் வர வேண்டும். இது பிழை இல்லை. பார்ப்பவர்கள் எல்லோரும் பிழை என்று சொல்வார்கள். யார் சொன்னாலும் மாற்ற வேண்டாம்!'

'யார் சொன்னாலும்' என்பதற்குக் கீழே இரண்டு கோடுகள்.

பம்பரம் அவசரமாக அடுத்த தாளைப் புரட்டினாள்.

'கோழி, மயில், காடை, வான்கோழி எல்லாம் தரைக்கோழிகள். வாத்தும் அன்னமும் நீரில் வாழ்பவை. இந்த இரண்டு கூட்டத்துக்கும் மூதாதை ஒன்றே. அதனால் இரண்டையும் சேர்த்துக் கோழிவாத்துக் கிளை என்கிறோம். டைனோசர்கள் உலவிய காலத்திலேயே இந்தக் கிளை மற்றப் பறவைகளிடமிருந்து பிரிந்துவிட்டது. தீக்கோழிக்குப் பெயரில் மட்டும்தான் கோழி, அது வேறு கிளை. கூழைக்கடா வாத்தைப் போல நீந்தினாலும், வாத்தைவிடச் சிட்டுக்குருவிதான் அதற்கு நெருங்கிய சொந்தம்.'

சிட்டுக்குருவியா! அவள் இரண்டு முறை படித்தாள். எழுத்து மாறவில்லை.

"என்னடி நெளியறே? எறும்பு கடிக்குதா?" என்றார் அம்மா.

"இல்லம்மா."

அப்பா ஜன்னல் பக்கம் சாய்ந்து ஏதோ பாட்டை முனகிக்கொண்டு வந்தார். "இந்தத் தடவை ஒரு தப்புகூட இல்லை. டாக்டரம்மா கொடுத்ததை நாலு தடவை ஒத்துப் பார்த்துட்டேன்" என்று அம்மாவிடம் சொன்னார். பம்பரம் தாள்களை இறுக்கிப் பிடித்துக்கொண்டாள்.

"அப்பா, ஒருத்தர் நல்லதுன்னு நெனைச்சு ஒண்ணு செய்யறாங்க. அது கெட்டதா முடிஞ்சா..."

"யாரு அந்த ஒருத்தர்?"

"சும்மா... என் ஃப்ரெண்டு ஒருத்தி."

"அப்போ உன் ஃப்ரெண்டை சீக்கிரமா உண்மையைச் சொல்லச் சொல்லு. ஆறப் போட்டா ஊசிப்போயிடும்" என்று சிரித்தார் அப்பா.

இதுதான் சமயம். பம்பரம் வாயைத் திறந்தாள். அந்த நேரம் பார்த்து ரயில்வே கேட் மூடிவிட்டது. அம்மா ரயிலைத் திட்ட ஆரம்பித்தார். கேட் திறந்ததும் முன்னால் நின்ற லாரியைத் திட்டினார். சொல்லிவிடலாம், அடுத்த திருப்பத்தில் சொல்லிவிடலாம் என்று பம்பரம் ஒவ்வொரு திருப்பத்தையும் எண்ணிக்கொண்டே வந்தாள். திருப்பங்கள் தீர்ந்துவிட்டன. வேன் பூங்கா வாசலில் நின்றது.

மணி மூன்று இருபது. மேலாளர் கைக்கடிகாரத்தைப் பார்த்தபடி நின்றிருந்தார். நான்கு பேர் பலகையைச் சுவரில் நிறுத்தி மாட்டினார்கள். அப்பா பெருமையாகத் துணியை இழுத்தார்.

டாக்டரம்மா கண்ணாடியை மூக்கின் மேல் ஏற்றிக்கொண்டு கிட்டே வந்தார். ஒவ்வொரு கிளையாகப் பார்த்தார். அவர் முகம் மாறியது.

"வாத்து ஏன் அங்க இருக்கு?"

"என்ன, மறுபடியும் தப்பா?" என்று மேலாளர் குரலை உயர்த்தினார்.

அப்பா பலகையைப் பார்த்தார். கோழிக்குப் பக்கத்தில் இன்னும் காயாத பச்சையைப் பார்த்தார். வாத்தின் காலடியில் இருந்த கம்பளிப்பூச்சிக் கிளையைப் பார்த்தார். அது யார் இழுத்த கோடு என்று அவருக்குத் தெரியாதா? பம்பரத்தின் பக்கம் அவர் திரும்பவே இல்லை. தானாடாவிட்டாலும் தன் சதை ஆடும் என்பார்கள்.

"என் தப்புதான் சார். கண் அசந்துட்டேன்" என்றார் அப்பா.

"அப்போ நான் சொன்னபடி மத்த பலகையெல்லாம்..."

"இல்லை சார்!" என்று கத்தினாள் பம்பரம். அவ்வளவு பெரிய சத்தம் வரும் என்று அவளே எதிர்பார்க்கவில்லை. குட்டையில் இருந்த கொக்குகள்கூடத் திரும்பிப் பார்த்தன. "அப்பா சரியாத்தான் மாட்டினாரு. நான்தான் கழட்டி மாத்தினேன். அப்பா தூங்கிட்டிருந்தாரு. அவருக்குத் தெரியவே தெரியாது. வேன்ல வர்றப்போ இந்தத் தாளைப் பார்த்தேன். அப்பவே சொல்லியிருக்கணும். பயந்துட்டேன்."

சொல்லி முடித்ததும் அவளுக்கு அழுகை வந்துவிட்டது. அப்பா அவள் தோளில் கை வைத்தார்.

மேலாளர் பலகையை உற்றுப் பார்த்தார். தலையைச் சொறிந்தார். "ஆமா, இப்போ இருக்கிறதுல என்ன தப்பு? வாத்து நீந்துது, கூழைக்கடாவும் நீந்துது. ரெண்டும் பக்கத்துல பக்கத்துல இருக்கு. பாப்பா சரியாத்தானே பண்ணியிருக்கு?"

டாக்டரம்மா நெற்றியில் கை வைத்துக்கொண்டார்.

பம்பரம் மூக்கை உறிஞ்சினாள். "நானும் அப்படித்தான் சார் நெனைச்சேன். ஆனா மீன் நீந்துது, நீங்களும் நீந்துவீங்க. அதுக்காக மீன் உங்களுக்குச் சித்தப்பா ஆயிடுமா?"

"எனக்கு நீச்சல் தெரியாது" என்றார் மேலாளர், அவசரமாக.

அம்மா வாயைப் பொத்திக்கொண்டு அந்தப் பக்கம் திரும்பினார். பம்பரத்துக்குச் சிரிக்கத் தோன்றவில்லை. மணி மூன்று முப்பத்தைந்து. "வாத்தை எடுத்தா அந்த ஓட்டை தெரியும், கிளை தெரியும். மேல அடிக்கற பச்சை காய ரெண்டு மணி நேரம் ஆகும்" என்று அப்பா டாக்டரம்மாவிடம் தாழ்ந்த குரலில் சொல்லிக்கொண்டிருந்தார்.

பம்பரம் பலகைக்கும் கொக்குக் குட்டைக்கும் நடுவில் நடக்க ஆரம்பித்தாள். போனாள், வந்தாள். தான் தப்பாக நினைத்தாள். இவ்வளவு பெரிய மேலாளரும் அதையே நினைக்கிறார். பார்ப்பவர்கள் எல்லோரும் அப்படித்தான் சொல்வார்கள் என்று டாக்டரம்மாவே எழுதியிருக்கிறார். அப்படியானால் பலகை சரியாக இருந்தாலும் யாராவது நம்பப் போகிறார்களா? எழுதியவருக்குத்தான் தெரியவில்லை என்று சிரித்துவிட்டுப் போவார்கள்.

சட்டென்று நின்றாள்.

"அப்பா, உங்க டூல்ஸ் பெட்டியில கொக்கி இருக்கா?"

"இருக்கு. எதுக்கு?"

"ஓட்டையை மறைக்க வேண்டாம்ப்பா. கூழைக்கடா பக்கத்துல ஒரு கொக்கி, கோழி பக்கத்துல ஒரு கொக்கி, தீக்கோழி பக்கத்துல ஒண்ணு. வாத்தைக் கழட்டி கீழ தொங்கவிட்டுடலாம். வர்றவங்களே எடுத்து மாட்டட்டும். எது சரின்னு வாத்து முதுகுல எழுதி வெச்சுடலாம். என்னை மாதிரியே எல்லாரும் ஒரு தடவை தப்பு பண்ணட்டும். அப்புறம் மறக்கவே மாட்டாங்க."

டாக்டரம்மா அப்பாவைப் பார்த்தார். அப்பா பெட்டியைத் திறந்தார்.

அதன் பிறகு நடந்ததெல்லாம் ஓட்டம்தான். அப்பா கொக்கிகளைத் திருகினார். மறைந்து போன கிளை நுனியைத் திரும்ப இழுத்தார். தீக்கோழிக்குப் பக்கத்தில் ஒரு புதுக் கிளை வரைந்தார். அம்மா வேனிலிருந்து சணல் கயிறு கொண்டுவந்தார். வாத்தின் முதுகில் எழுத வேண்டியதைப் பம்பரம் சொல்லச் சொல்ல, அப்பா மார்க்கர் பேனாவால் எழுதினார். 'நான் கோழியின் பங்காளி. கோழிவாத்துக் கிளை என் வீடு.' டாக்டரம்மா படித்துவிட்டு, "நான் ஒரு பக்கம் எழுதினதை நீ ரெண்டு வரியில முடிச்சுட்டியே" என்றார்.

மணி நான்கு. விருந்தாளிகளும் பள்ளிப் பிள்ளைகளும் வந்து கூடினார்கள். திறப்பு விழாவுக்கு வந்திருந்த பெரியவர் கோட்டும் சூட்டுமாக முன்னால் வந்தார். வாத்தைக் கையில் எடுத்தார். கொஞ்சமும் தயங்காமல் கூழைக்கடாவின் பக்கத்தில் மாட்டிவிட்டுக் கைதட்டலுக்காகத் திரும்பினார்.

"திருப்பிப் பாருங்க! திருப்பிப் பாருங்க!" என்று பிள்ளைகள் கத்தினார்கள். அவர் திருப்பிப் பார்த்தார். காது வரை சிவந்துவிட்டது. பிறகு எல்லோரையும்விட அவர்தான் சத்தமாகச் சிரித்தார்.

அப்புறம் வரிசை நீண்டுகொண்டே போனது. ஒரு வாத்தியார் தப்பாக மாட்டினார். வாயிற்காவலர் தீக்கோழியின் பக்கத்தில் மாட்டினார். மேலாளர் வரிசையைப் பார்த்தார், அப்பாவைப் பார்த்தார். கிட்டே வந்து, "மீதிப் பன்னெண்டு பலகையையும் நீங்களே பண்ணிடுங்க. ஒவ்வொண்ணுலயும் இந்த மாதிரி ஏதாவது வேணும். பாப்பாகிட்ட கேட்டுக்கங்க" என்றார். அப்பா சரி என்று தலையாட்டினார்.

வரிசையில் கடைசிக்கு முன்னால் நான்கு வயதுப் பொடியன் ஒருவன் நின்றிருந்தான். அவனுக்கு வாத்தின் முதுகில் இருப்பதைப் படிக்கத் தெரியாது. இரண்டு கையாலும் வாத்தைப் பிடித்துக்கொண்டு பலகையை மேலும் கீழும் பார்த்தான். பம்பரம் அவனைத் தூக்கிப் பிடித்தாள். அவன் கோழியின் பக்கத்தில் மாட்டினான்.

"அட! எப்படிடா கண்டுபிடிச்சே?" என்று கேட்டார் டாக்டரம்மா.

பொடியன் வெட்கப்பட்டு விரலைக் கடித்தான். "கோழி தனியா இருந்துச்சு" என்றான்.

அடுத்து நின்ற பெண், "என் முறை, என் முறை" என்று அவசரப்படுத்தினாள். பம்பரம் உடனே வாத்தைக் கழற்றவில்லை. இன்னும் கொஞ்ச நேரம் அது அங்கேயே இருக்கட்டும் என்று விட்டுவிட்டாள்.