ட்ருல்ஸ் முள்ளெலியின் மரணம்

டென்மார்க்கின் சகல குழந்தைகளுக்கும், அவர்களைப் பெற்ற பாவத்துக்காக வாராவாரம் சித்திரக்கதை வாங்கித் தரும் பெரியவர்களுக்கும் ஆழ்ந்த துயரத்துடன் அறிவிக்கப்படுவது: ட்ருல்ஸ் முள்ளெலி இறந்துவிட்டது. கிறிஸ்துமஸ் இதழின் கடைசிப் படத்தில், அலங்கரித்த மரத்தடியில், நான்கு கால்களையும் தூக்கிக்கொண்டு கிடந்தது. கோபன்ஹேகனில் இதழ் ஒரே காலையில் விற்றுத் தீர்ந்தது.

யாரோ கடைசிப் படத்தை மாற்றி ஒட்டிவிட்டதாகச் சொல்லி, பத்திரிகை முதலாளி ராஸ்க் துப்பறியும் இங்கரை வரவழைத்தார். கூடவே நிருபர்களையும் வரவழைத்துக் கீழே உட்காரவைத்திருந்தார். இங்கருடன் அவள் தம்பி பெந்த் வந்திருந்தான். தபால் வேலையிலிருந்து ஓய்வுபெற்றவன். குற்றவாளியைப் பிடிப்பதில் அக்காவைவிட அவனுக்கே அவசரம்.

ராஸ்க்கின் அறையில் கிறிஸ்துமஸ் மரம் மூலையில் ஒண்டிக்கொண்டு நின்றது. நடுவில் வைத்தால், அவர் தன்னைத் தானே வரைந்து மாட்டியிருந்த ஆளுயர ஓவியம் மறைந்துவிடும்.

"அச்சுக்குப் போறதுக்கு முன்னாடி அந்தக் கடைசிப் பக்கம் யார்கிட்ட இருந்துச்சு?" என்றாள் இங்கர்.

"வரையிற பல்லேகிட்ட. அப்புறம் என் பெட்டகத்துல," என்றார் ராஸ்க்.

"நான்தான் கொன்னேன்," என்றான் அறை ஓரத்தில் நின்றிருந்த பல்லே.

இருபத்திரண்டு ஆண்டுகளாக அந்த முள்ளெலியை வரைகிறவன் அவன். தானாக விலகினால் பத்து ஆண்டுகள் எங்கும் எதையும் வரையக் கூடாது என்பது ஒப்பந்தம். முதலாளி துரத்தினால் அன்றே விடுதலை. முள் இல்லாத ஏதாவது ஒன்றை, ஒரு முட்டையையாவது, சாவதற்குள் வரைந்துவிட வேண்டும் என்பது அவன் ஆசை. செய்யாத கொலை வாசல் தேடி வந்து நிற்கும்போது விட்டுவிட அவன் என்ன மடையனா?

"ஒத்துக்கிட்டாரு. கிளம்பலாமா அக்கா?" என்றான் பெந்த்.

"எதுக்குக் கொன்னீங்க?" என்று கேட்டாள் இங்கர்.

"அது மூஞ்சியைப் பாத்துப் பாத்து என் மூஞ்சியே அப்படி ஆயிடுச்சும்மா. என் பொண்டாட்டியைக் கேளுங்க."

பல்லேவுக்கு நம்பிக்கை வந்தது. இங்கர் அந்தக் கடைசிப் பக்கத்தை ஜன்னலோரம் கொண்டுபோனாள்.

"பெந்த், இதுல மரம் எங்கே நிக்குது?"

"மூலைல. சுவரோட ஒட்டி."

"நம்ம வீட்டுல?"

"நடுக்கூடத்துல. இல்லேன்னா எல்லாரும் கைகோத்து எப்படிச் சுத்திவந்து பாடறது? சுவத்துல முட்டிக்கிறதா?"

பல்லே குறுக்கே பாய்ந்தான். "அவசரத்துல வரைஞ்சுட்டேம்மா."

"அவசரத்துல பழகினதுதான் கைக்கு வரும். உங்க பழைய கிறிஸ்துமஸ் இதழ் எல்லாத்துலயும் மரம் நடுவுலதான். இதை வரைஞ்சவரு மரத்தை மூலையிலயே பாத்துப் பழகினவரு. பெட்டகத்துச் சாவி வெச்சிருக்கிறவரு. கொஞ்சம் வரையவும் தெரிஞ்சவரு."

மூவரும் ஆளுயர ஓவியத்தைப் பார்த்தார்கள். ராஸ்க் எழுந்துபோய்க் கதவைச் சாத்தினார்.

"என் எலி, நான் கொன்னேன். விற்பனை படுத்துக்கிடந்துச்சு. நீங்க கண்டுபிடிக்க மாட்டீங்கன்னு சொன்னாங்க, அதான் உங்களைக் கூப்பிட்டேன்."

"அம்மா, உங்களுக்கு நான் என்ன கெடுதல் பண்ணினேன்?" என்றான் பல்லே.

"உங்களைக் காப்பாத்தியிருக்கேன்," என்றாள் இங்கர்.

அவன் ராஸ்க்கிடம் திரும்பினான். "பொய் சொன்னதுக்காவது துரத்துங்க முதலாளி."

"உன்னைத் துரத்திட்டு, பொய் சொல்லத் தெரியாதவனை வெச்சுக்கிட்டு நான் எப்படிப்பா கதை போடறது? போய் உட்காரு."

அடுத்த வாரம் ட்ருல்ஸ் தூக்கம் கலைந்து எழுந்து கஞ்சி குடித்தது. பல்லேதான் வரைந்தான்.