ரெமிஹியோ மாமாவின் ரொட்டி மினிபஸ்

மாமாவின் முகம் மூன்றாவது முறையாக நழுவி விழுந்தது.

பயப்படாதீர்கள். அது நிஜ முகம் இல்லை, கட்டைவிரல் அளவுக்குச் சுண்ணாம்புச் சாந்தில் செய்த ஒரு முகம். கன்னத்தில் சிவப்பு, கண்ணுக்கு மேல் கறுப்புக் கோடு, மூக்குக்குக் கீழே குட்டி மீசை. பிசைந்த மாவில் குழந்தை மாதிரி பொம்மை பிடித்து, தலையில் இந்த முகத்தைப் பதித்துச் சுட்டால் ரொட்டிப் பாப்பா தயார். நவம்பர் ஒன்றாம் தேதி எங்கள் மலை நகரமான எல் ஆல்ட்டோவில் எல்லார் வீட்டு மேஜையிலும் அது இருக்கும். ஆனால் மீசை வைத்த முகம் லேசில் கிடைக்காது. நீல்டா அத்தை சந்தையில் இரண்டு நாள் அலைந்து வாங்கினாள்.

"மீசை இல்லாத பாப்பாவைப் பாத்தா, வீடு மாறி வந்துட்டோம்னு உங்க மாமா திரும்பிப் போயிருவாருடி" என்றாள் என்னிடம்.

ரெமிஹியோ மாமா என் அம்மாவின் தம்பி. மினிபஸ் ஓட்டினார். மார்ச் மாதம் நிமோனியா காய்ச்சல் வந்து இறந்துபோனார். இறந்தவர்கள் நவம்பர் ஒன்றாம் தேதி பகல் பன்னிரண்டு மணிக்கு வீட்டுக்கு வருவார்கள், ஒரு நாள் இருந்து சாப்பிட்டுவிட்டுப் போவார்கள். மாமாவுக்கு இதுதான் முதல் வருகை. அவர் இறங்கி வர ஒரு ரொட்டி ஏணி வேண்டும். அவரைப் போல ஒரு ரொட்டிப் பாப்பா வேண்டும். கூடவே ஒரு ரொட்டி மினிபஸ். அது என் யோசனை.

மணி ஒன்பதரை. நாங்கள் ஹசிந்தோ ஐயாவின் அடுப்பு முற்றத்தில் நின்றிருந்தோம். வருஷா வருஷம் தெருவே அங்கேதான் வரிசையில் நின்று சுட்டுக்கொள்ளும். எங்கள் எண் பதின்மூன்று. எங்களுக்கு முன்னால் ஒரே ஒரு குடும்பம்தான் பாக்கி. எங்கள் பத்துக் கிலோ மாவோ, பலகையில் நிற்காமல் கூழாக வழிந்துகொண்டிருந்தது. ஏணிக்குத் திரித்த மாவுத் திரிகள் ஒன்றோடு ஒன்று ஒட்டி ஒரு தோசையாகிவிட்டன.

"நான் அப்பவே சொன்னேன்" என்று ஆரம்பித்தாள் ஃபிலிப்பா பெரியம்மா. அம்மாவுக்கும் மாமாவுக்கும் அக்கா அவள். அவள் குரல் முற்றத்தின் கடைசிவரை கேட்கும். "சூட்டு நாட்டுக்காரி கை மாவுல படக் கூடாதுன்னு சொன்னேன். யாரு கேட்டீங்க? கை சூடு பட்டு மாவு உருகிப்போச்சு."

நீல்டா அத்தை மலைக்குக் கீழே இருக்கும் சூடான ஊர்க்காரி. அவள் ஊரில் மாமரம் உண்டு, குளிர் இல்லை. மாவைப் பிசைந்தது அவள்தான்.

"அக்கா, நான் எப்பவும் போலத்தான் பிசைஞ்சேன்" என்றாள் அத்தை.

"எப்பவும் போலன்னா? முதல் வருஷம் எந்தம்பி வர்றான். ஏணி இல்லாம எங்க வந்து இறங்குவான்? தள்ளி நில்லு. இனிமே மாவையும் தொடாத, மேஜையையும் தொடாத."

அத்தை இரண்டு கைகளையும் பாவாடையில் துடைத்துக்கொண்டு சுவரோரம் போய் நின்றாள். தன் கணவருக்குச் சுடும் ரொட்டியைத் தானே தொடக் கூடாதாம். அவள் அழவில்லை. அழுதிருந்தால்கூட எனக்கு இவ்வளவு கஷ்டமாக இருந்திருக்காது.

ஏனென்றால் மாவைக் கெடுத்தது அத்தை இல்லை. நான்.

விடிந்ததும் அம்மா என்னிடம் ஈஸ்ட் டப்பாவைக் கொடுத்து, "வெதுவெதுப்பான தண்ணில கரைச்சு வை நைரா" என்று சொல்லியிருந்தாள். கெண்டியில் இருந்த தண்ணீர் கொதித்துக்கொண்டிருந்தது. ஈஸ்ட் உயிருள்ளது, கொதிநீரில் செத்துவிடும் என்று எனக்குத் தெரியும். பாவம், சுட்டுவிடப் போகிறதே என்று குழாய்த் தண்ணீரைப் பிடித்து ஊற்றினேன். எங்கள் ஊர்க் குழாய்த் தண்ணீர் காலையில் பல்லைக் கூச வைக்கும். நுரை சரியாக வரவில்லை. "நுரைச்சிருச்சா?" என்று அம்மா கேட்டபோது, "நுரைச்சிருச்சும்மா" என்று சொல்லிவிட்டேன்.

சொன்னால் பெரியம்மா என்னைப் பிடிபிடியென்று பிடிப்பாள். சொல்லாவிட்டால் அத்தை சுவரோரமே நிற்பாள். நான் அத்தையைப் பார்த்தேன். அவள் கையில் அந்த மீசை முகம் இருந்தது. அதில் ஒட்டியிருந்த மாவை நகத்தால் மெல்லச் சுரண்டிக்கொண்டிருந்தாள்.

"அத்தை கெடுக்கல" என்றேன். குரல் கொஞ்சம் கீச்சென்று வந்தது. "நான்தான் கெடுத்தேன். ஈஸ்டைப் பச்சைத் தண்ணில கரைச்சுட்டேன். நுரைச்சிருச்சுன்னு பொய் சொல்லிட்டேன்."

அம்மாவின் முகம் சிவந்தது. "என்னடி சொல்ற? காலைல இருந்து வாயே தொறக்காம நின்னியே!"

"பச்சைத் தண்ணி பத்துக் கிலோ மாவைக் கூழாக்குமா?" பெரியம்மா கையை ஆட்டினாள். "மிஞ்சிப்போனா பொங்காது. அவளக் காப்பாத்த இவ கதை விடுறா."

"கதை இல்ல பெரியம்மா. ஸ்கூல் கண்காட்சிக்கு நான் படம் போட்டேன்ல, அதுல இருக்கு."

கண்காட்சியில் எனக்குப் பரிசு கிடைக்கவில்லை. எரிமலை செய்து புகை விட்ட பையனுக்குத்தான் கிடைத்தது. ஆனால் அந்தப் படத்துக்காக மூன்று வாரம் ஈஸ்டைப் பற்றியே படித்தேன். அதற்குள் இருக்கும் குளூட்டாதயோன் என்ற பொருளின் பெயரைத் தடுக்காமல் சொல்ல மட்டும் ஒரு வாரம் பழகினேன்.

நேரம் ஓடிக்கொண்டிருந்தது. வாயால் சொன்னால் பெரியம்மா கேட்க மாட்டாள். அதனால் அம்மாவின் கையை எடுத்துப் பெரியம்மாவின் கையில் வைத்தேன்.

"நீங்க ரெண்டு பேரும் மாவு. மாவுக்குள்ள இழை இழையா இருக்கும். இப்படிக் கை கோத்துக்கிட்டு நிக்கிறதாலதான் மாவு இறுக்கமா இருக்கு."

"சரி, அதுக்கென்ன?" என்றாள் பெரியம்மா.

"நான் குளூட்டாதயோன். ஈஸ்டுக்குள்ள காவல்காரன். ஈஸ்ட் மூச்சு விடும்போது உள்ள நெருப்புப் பொறி மாதிரி கெட்டது சிலது பறக்கும். அது பட்டா ஈஸ்டுக்கு ஆபத்து. எனக்கு ஒரு கை சும்மா இருக்கு பாத்தீங்களா? அந்தக் கையால நான் அதையெல்லாம் பிடிச்சு அடக்கிருவேன். ஈஸ்டுக்கு உள்ள இருக்குறவரைக்கும் நான் நல்லவன்."

"வெளிய வந்தா?" என்று பின்னாலிருந்து ஒரு குரல். அடுப்புக்கார ஹசிந்தோ ஐயா. கழுத்தில் மஃப்ளர், மூக்கு தக்காளிச் சிவப்பு. கையில் ரொட்டியை அடுப்புக்குள் தள்ளும் நீளமான துடுப்பு.

"காஞ்ச ஈஸ்டோட தோல் சுருங்கிக் கிடக்கும். பச்சைத் தண்ணி பட்டா தோல் சரியா மூடாது, ஒழுகிரும். நான் வெளிய வந்து விழுவேன். மாவுக்குள்ள பிடிக்கக் கெட்டது எதுவும் இல்ல. ஆனா என் கை சும்மா இருக்காதே!" நான் அம்மாவின் கையையும் பெரியம்மாவின் கையையும் பிரித்துவிட்டேன். "உங்களப் பிரிச்சிருவேன். எல்லாரையும் பிரிச்சா மாவு கூழாயிரும்."

முற்றத்தில் இரண்டு பேர் சிரித்தார்கள். பெரியம்மா தன் கையைப் பார்த்துக்கொண்டாள்.

"முப்பது வருஷமா அடுப்புல நிக்கிறேன். ஈஸ்டுக்குக் காவல்காரன் இருக்கான்னு இன்னிக்கித்தான் கேக்குறேன்" என்றார் ஹசிந்தோ ஐயா. பிறகு பெரிதாகத் தும்மினார். "அவனத் திருப்பி உள்ள அனுப்ப முடியுமா பாப்பா?"

"அனுப்ப முடியாது. அவன் கையைக் கட்டிப்போடலாம்." என் படத்தின் மூலையில் இடம் போதாமல் எறும்பு எழுத்தில் எழுதிய வரி நினைவுக்கு வந்தது. "வைட்டமின் சி வேணும். துளி போதும். அது மாவுல சேந்தா, ரெண்டு குளூட்டாதயோன் ஒண்ணையொண்ணு பிடிச்சுக்கும். அப்புறம் மாவைப் பிரிக்கக் கை இருக்காது."

"வைட்டமின் மாத்திரைக்கு நான் எங்கடி போவேன்?" என்றாள் அம்மா. "இன்னிக்கு எல்லாக் கடையும் மூடிக் கிடக்கு."

அப்போதுதான் 'ஸ்ஸ்ஸ்' என்று ஒரு சத்தம் கேட்டது. அடுப்புத் திட்டின் மேல் ஒரு கண்ணாடி டம்ளர். அதற்குள் ஆரஞ்சு நிறத்தில் ஒரு வில்லை பொங்கிக் கரைந்துகொண்டிருந்தது. ஹசிந்தோ ஐயா சளிக்குக் குடிக்கும் வில்லை. அவர் டம்ளரை எடுத்து வாயில் வைத்தார்.

"குடிக்காதீங்க!" என்று கத்தினேன்.

அவர் அப்படியே நின்றார். மீசை நுனியில் ஒரு குமிழி வெடித்தது. "ஒரு வாய் குடிச்சிட்டேனே!"

"ஐயா, அது வைட்டமின் சி. இன்னும் இருக்கா?"

"இதான் கடைசி வில்லை." அவர் டம்ளரைப் பார்த்தார், எங்கள் மாவைப் பார்த்தார், மூக்கை உறிஞ்சினார். "எடுத்துக்கோ. மூக்கு ஒழுகினா ஒழுகட்டும். மழைல என்னை எங்க பாத்தாலும் வண்டிய நிறுத்தினவன் ரெமிஹியோ."

பெரியம்மா குறுக்கே வந்தாள். "மருந்து போட்ட ரொட்டியையா எந்தம்பிக்குப் படைக்கிறது? அதுவும் இந்த ஆள் எச்சில் பண்ணின மருந்தை!"

சுவரோரத்திலிருந்து அத்தை பேசினாள்.

"அக்கா, அவருக்கு ஆரஞ்சுன்னா உசிரு. ஹசிந்தோ அண்ணனோட ஒரே கிளாஸ்ல எத்தனை நாள் குடிச்சிருக்காரு. அவரு ஒண்ணும் நினைக்க மாட்டாரு."

பெரியம்மா அம்மாவைப் பார்த்தாள். அம்மா தலையாட்டினாள்.

"சரி, குடு. நானே பிசையறேன்" என்று பெரியம்மா கையை நீட்டினாள்.

நான் டம்ளரைக் கொடுக்கவில்லை. "அத்தைதான் பிசையணும் பெரியம்மா. நீங்க பிசைஞ்சு சரியாச்சுன்னா, அத்தை கையாலதான் கெட்டுச்சுன்னு எல்லாரும் சொல்லிருவாங்க."

"சரியாகலன்னா?"

நான் பதில் சொல்வதற்குள் அத்தை வந்து டம்ளரை வாங்கிக்கொண்டாள்.

ஆரஞ்சுத் தண்ணீரைச் சுற்றிச் சுற்றித் தெளித்தாள். இரண்டு கை மாவைத் தூவினாள். பிசைய ஆரம்பித்தாள். "நல்லாக் காத்துப் படணும் அத்தை. காத்துப் பட்டாத்தான் வைட்டமின் சி வேலை செய்யும்" என்றேன். அவள் மாவைத் தலைக்கு மேலே தூக்கிப் பலகையில் அடித்தாள். தூக்கினாள், அடித்தாள். மாவு அவள் விரல்களில் பசையாக இழுத்துக்கொண்டு வந்தது.

"பதின்மூணு!" என்று கூப்பிட்டார் ஹசிந்தோ ஐயா.

மாவு இன்னும் கூழாகவே இருந்தது.

"பின்னாடி இருக்குறவங்க போங்க" என்றாள் அம்மா. எங்களுக்குப் பின்னால் இரண்டு குடும்பங்கள். அவர்களுடைய மாவு பொங்கித் தயாராக இருந்தது. ஒரு நடைக்கு அரை மணி நேரம்.

"உங்களக் கடைசியில வைக்கிறேன்" என்றார் ஹசிந்தோ ஐயா. "பதினொன்னே காலுக்கு மேல தாங்காது தாயி. அடுப்பு ஆறிப்போகும்."

அத்தை நிமிரவே இல்லை. நெற்றியிலிருந்து வியர்வை சொட்டியது. நான் மாவையே பார்த்துக்கொண்டிருந்தேன். ஒருவேளை படத்தில் தப்பாக எழுதியிருந்தால்? ஒருவேளை அது வேறு ஏதாவது வைட்டமினாக இருந்தால்? மாமா மேலே வானத்து வாசலில் நின்று ஏணியைத் தேடுவதை நினைத்தேன்.

பதினான்காம் எண்காரர்களின் தட்டுகள் வெளியே வந்தன. பதினைந்து உள்ளே போனது.

அப்போது அத்தை கையை எடுத்தாள். மாவு கையோடு வரவில்லை. பலகையிலேயே உருண்டையாக நின்றது. விரலால் ஒரு குத்துக் குத்தினாள். குழி மெதுவாக மேலே எழும்பி வந்தது.

"பிடிச்சிருச்சு" என்றாள் அத்தை மெல்ல.

அதன்பிறகு எல்லாக் கைகளும் வேலை செய்தன. அம்மா ஏணி திரித்தாள். நான் மினிபஸ்ஸுக்குச் சக்கரம் உருட்டினேன். அத்தை பாப்பா பிடித்துத் தலையில் மீசை முகத்தைப் பதித்தாள். நான் மூச்சைப் பிடித்துக்கொண்டு இருபதுவரை எண்ணினேன். முகம் நகரவில்லை. பெரியம்மா குனிந்து, மூக்கு தொடும் தூரத்தில் நின்று பார்த்தாள். பிறகு தட்டுக்கு எண்ணெய் தடவ ஆரம்பித்தாள்.

பதினொன்றே கால். ஹசிந்தோ ஐயா தட்டுகளை உள்ளே தள்ளினார். அடுப்பு ஆறிக்கொண்டிருந்ததால் நான்கு விறகு கூடுதலாகப் போட்டார். பதினொன்றே முக்காலுக்கு ரொட்டி வெளியே வந்தது. நாங்கள் சூடு ஆறுவதற்குள் துணியில் சுற்றி, ஆளுக்கொரு கூடையாகத் தூக்கிக்கொண்டு ஓடினோம். பெரியம்மா ஓடி நான் பார்த்தது அன்றுதான்.

வீட்டு மேஜையில் ஏணியை நிறுத்தினோம். நிமிர்ந்து நின்றது. மினிபஸ் மட்டும் சரியாகப் பொங்காமல் ஒரு பக்கமாகச் சாய்ந்திருந்தது.

"டயர் பஞ்சர்" என்றாள் அம்மா. "நிஜ வண்டியும் இப்படித்தான் இருக்கும்." காலையிலிருந்து இப்போதுதான் சிரித்தாள். பிறகு என் காதைப் பிடித்து, வலிக்கிற மாதிரியே, ஒரு திருகு திருகினாள். "இது நுரைச்சிருச்சுன்னு சொன்னதுக்கு."

அத்தை கதவோரமே நின்றாள். மேஜையைத் தொடக் கூடாது என்று பெரியம்மா சொன்னது அவளுக்கு மறக்கவில்லை. அவள் கூடையில் மீசைப் பாப்பா இருந்தது.

பெரியம்மா திரும்பிப் பார்த்தாள். "அங்க என்ன நிக்கிற? மணி ஆகுது. உம் புருஷன நீதான் வைக்கணும்" என்று நாற்காலியை இழுத்துப் போட்டாள். "பிசைஞ்ச கை வலிக்கும். உக்காந்துக்கோ."

அத்தை பாப்பாவை மினிபஸ்ஸுக்குப் பக்கத்தில் வைத்தாள். தேவாலய மணி பன்னிரண்டு அடித்தது. எங்கிருந்தோ ஒரு ஈ பறந்து வந்து, இரண்டு சுற்றுச் சுற்றி, மினிபஸ்ஸில் ஓட்டுநர் உட்காரும் இடத்தில் சரியாக உட்கார்ந்தது.

ஈயை ஓட்டப் பெரியம்மா கையை ஓங்கினாள். அப்படியே நிறுத்திக்கொண்டாள்.

"சத்தம் போடாதீங்க" என்றாள், தெருவுக்கே கேட்கும் குரலில். "வந்துட்டான்."