கல்தேரின் மாளிகையின் மூன்றாம் அங்கம்

நாற்காலி சூடாக இருந்தது.

ஓர்னெல்லா உட்கார்ந்த வேகத்திலேயே எழுந்து இருக்கையைத் தடவிப் பார்த்தாள். கல்தேரின் மாளிகைக் கதவைத் திறந்ததும் முதல் ஆளாக உள்ளே நுழைந்தவள் அவள்தான். ஆனாலும் அந்தச் சிவப்பு வெல்வெட்டில், கனத்த ஆள் ஒருவர் இப்போதுதான் எழுந்து போனதுபோல் சூடும் குழிவும் இருந்தன. பக்கத்து நாற்காலியைத் தொட்டாள். அதுவும் சூடு. அதற்கடுத்ததும். கால்வாயிலிருந்து ஏறி வந்த நவம்பர் மூடுபனி கூடத்துக் கண்ணாடிகளையெல்லாம் வேர்க்க வைத்திருந்தது. கணப்பு மூட்டாத அந்த நீண்ட கூடத்தில் சூடாக இருந்தவை நாற்காலிகள் மட்டும்தான்.

குனிந்து அடியில் ஏதாவது கணப்புப் பெட்டி இருக்கிறதா என்று பார்த்தாள். தூசிதான் இருந்தது. போகட்டும் என்று உட்கார்ந்தாள். முப்பது வருடம் வெனிஸின் பயணிகள் படகுகளில் கயிறு வீசிக் கட்டிய பொம்பளை, ஒரு நாற்காலிக்குப் பயந்து நடுங்கினால் ஊர் சிரிக்கும்.

அதுவும் இன்றைக்கு. காலையில் சலூத்தே மாதா கோயிலில் மெழுகுவர்த்தி ஏற்றி, மகளின் நெஞ்சுச்சளி மறுபடி தலைகாட்டக் கூடாது என்று வேண்டிக்கொண்டு, திருநாள் வழக்கப்படி ஆட்டுக்கறியும் முட்டைக்கோசும் போட்ட சூப்பைக் குடித்துவிட்டு வந்திருந்தாள். மகள் இலாரியா இன்று இங்கே நடக்கும் ஓபரா இசைநாடகத்தில் முதல்முறையாகக் கதாநாயகியாகப் பாடுகிறாள். பன்னிரண்டு வருடம் கல்யாண வீடுகளிலும் ஹோட்டல் கூடங்களிலும் பாடித் தொண்டையைத் தேய்த்தவளுக்கு இப்படியொரு வாய்ப்பு. இங்கே பாடிக்கொண்டிருந்தவளுக்குப் போன வாரம் திடீரென்று குரல் போய்விட்டதாம். முன்வரிசையில், பெரிய ஓபரா அரங்குக்குப் பாடகர்களைத் தேர்ந்தெடுக்கிற மனிதர் அதற்குள் சாம்பல் நிறக் கோட்டோடு வந்து உட்கார்ந்திருந்தார். அவர் தலையசைத்தால் இலாரியாவின் வாழ்க்கை மாறிவிடும்.

படிக்கட்டில் வைத்து மகள் எச்சரித்திருந்தாள்.

"அம்மா, இது உன் மேல்மாடி கேலரி இல்ல. கத்தாத. முக்கியமா விசில் அடிச்சிடாத."

"நீ நல்லா பாடினா நான் ஏன்டி விசில் அடிக்கப் போறேன்?"

"உன்ன நம்ப முடியாது. உன் கூட்டம் விசிலடிச்சே எத்தன பேர வீட்டுக்கு அனுப்பிருக்கு."

உண்மைதான். அந்த ஊரில் சீழ்க்கை என்பது பாராட்டு இல்லை. முகத்தில் காறித் துப்புவதற்குச் சமம். பெரிய அரங்கின் மேல்மாடியில், மலிவான இருக்கைகளில், நாற்பது வருடமாக நீதிபதி மாதிரி உட்கார்ந்து வந்தவள் ஓர்னெல்லா. பிடித்துவிட்டால் 'பிஸ்' என்று குரல் கொடுப்பாள். இன்னொரு முறை பாடு என்று அர்த்தம். மேல்மாடி கேட்டுவிட்டால் பாடுகிறவர்கள் தட்டுவது கிடையாது. பிடிக்காவிட்டால் இரண்டு விரலை வாயில் வைப்பாள்.

கூடம் நிறைந்தது. ஜெர்மானியர்கள், ஜப்பானியத் தம்பதிகள், காது கேட்கும் கருவி மாட்டிய ஓர் அமெரிக்கக் கிழவர். பியானோ வாசிப்பவரும் இந்த நிகழ்ச்சியை நடத்துபவருமான தூல்லியோ எழுந்து நின்றார். வெளிறிய, ஒடிசலான மனிதர்.

"முதல் அங்கம் இந்தக் கூடத்துல. ரெண்டாவது கண்ணாடி அறையில. மூணாவது படுக்கையறையில. பாடறவங்க பின்னாடியே நீங்களும் வரணும்," என்றவர் கூட்டத்தை ஒரு முறை சுற்றிப் பார்த்தார். "கடைசிப் பாட்டு முடிஞ்சு விளக்கு எரியற வரைக்கும் தயவுசெஞ்சு யாரும் கைதட்ட வேண்டாம். எதுவும் சொல்லவும் வேண்டாம். இது இந்த வீட்டு வழக்கம்."

வெளிநாட்டுக்காரர்கள் சமர்த்தாகத் தலையாட்டினார்கள். ஓர்னெல்லாவும் ஆட்டினாள். அந்த நேரத்தில் மனப்பூர்வமாகத்தான் ஆட்டினாள்.

இலாரியா பாடினாள். கை நீட்டினால் தொடும் தூரத்தில், மெழுகுவர்த்தி வெளிச்சத்தில் கழுத்து நரம்பு துடிப்பது தெரிய, பட்டுப் பாவாடை முழங்கால்களை உரசிப் போக, மூச்சு இழுக்கும் சத்தம்கூடப் பாட்டின் பகுதியாகக் கேட்க, பாடினாள். முதல் அங்கம் முடிந்து எல்லோரும் எழுந்து கண்ணாடி அறைக்கு நடந்தபோது, காலியான கூடத்தில் நாற்காலிகள் கிறீச்சிட்டன. அப்புறம் துணிகள் சரசரத்தன. மெதுவான, வயதான காலடிகள் சில, கூட்டத்துக்குப் பின்னால் கொஞ்சம் இடைவெளி விட்டு வந்தன. ஓர்னெல்லா திரும்பிப் பார்த்தாள். கூடத்தில் ஒரு ஈ, காக்கைகூட இல்லை. உருகிய மெழுகின் நெடியோடு, வருடக்கணக்காகத் திறக்காத அலமாரியைத் திறந்ததுபோல் பழைய முகப்பவுடரும் எலிப்புழுக்கையும் கலந்த ஒரு வாடை வந்தது. கைக்குட்டையால் மூக்கைப் பொத்திக்கொண்டாள். பழைய வீடென்றால் இப்படித்தான் என்று சொல்லிக்கொண்டாள்.

மூன்றாம் அங்கம். படுக்கையறையின் கோடியில், சுவரைக் குடைந்த மாடத்துக்குள் கட்டில் கிடந்தது; இருபுறமும் கனத்த திரைகள். காதலன் வந்து சேர்வதற்குள் கதாநாயகி நோயில் சாக வேண்டும். இலாரியா கட்டிலில் சாய்ந்து, வெள்ளைத் துப்பட்டியை மார்புவரை இழுத்துக்கொண்டு, அந்தக் கடைசிப் பாட்டைப் பாடினாள். உச்ச சுரத்தைப் பிடித்து, அதை மெல்ல மெல்ல மெலிய விட்டு, நூலாக்கி, நூலையும் விட்டாள். தலை சாய்ந்தது.

அமெரிக்கக் கிழவர் கண்ணைத் துடைத்தார். சாம்பல் கோட்டுக்காரர் தலையசைத்தார்.

ஓர்னெல்லா பார்த்துவிட்டாள், அந்தத் தலையசைப்பை. பன்னிரண்டு வருடத்துப் பெருமையும் ஆத்திரமும் தொண்டைக்கு வந்தன. நாற்பது வருடப் பழக்கம் வாய்க்கு வந்தது.

"பிஸ்," என்றாள்.

தூல்லியோ திரும்பிப் பார்த்தார். அவர் முகத்தில் ஈயாடவில்லை.

அப்போது பின்னாலிருந்து, யாரும் நிற்காத கதவுப் பக்கத்திலிருந்து, வறண்ட, மரியாதையான குரல்கள் கேட்டன. பல குரல்கள். இந்த ஊர்ப் பேச்சுதான், ஆனால் அவள் பாட்டி காலத்திலேயே வழக்கொழிந்த இழுவை.

"பிஸ்."

படுக்கையறை மூலையிலிருந்த பியானோ தொடங்கியது. வெளிநாட்டுக்காரர்கள் இதுவும் நிகழ்ச்சியில் சேர்த்தி என்று மகிழ்ந்தார்கள். இலாரியா கண்ணைத் திறந்து மறுபடி பாடினாள். மறுபடி செத்தாள். இம்முறை தலை சாய்ந்தபோது, அவளுக்குப் பக்கத்தில், சுவரோரம், துப்பட்டி மெதுவாக உயர்ந்தது. கீழே யாரோ இடம் விட்டு நகர்ந்து படுப்பதுபோல்.

"பிஸ்."

மூன்றாவது முறை. இலாரியாவின் உதடுகள் நீலம் பாய்ந்திருந்தன. அது ஒப்பனை அல்ல; கால்வாய்க் குளிரில் விறைத்துப்போன குழந்தையாக இருந்தபோது அவளைத் துவட்டிவிட்ட தாய்க்குத் தெரியாதா அந்த நிறம். துப்பட்டிக்கு அடியிலிருந்து ஒரு கை வந்தது. சாம்பல் பூத்த கை. இலாரியாவின் விரல்களோடு தன் விரல்களைக் கோத்தது. பாட்டு முடிந்தது. மகளின் மார்பு ஏறவில்லை. ஓர்னெல்லா காத்திருந்தாள். ஏறவில்லை. பிறகு, ரொம்ப நேரம் கழித்து, ஏறியது.

"பிஸ்."

ஓர்னெல்லா கூட்டத்தைத் தள்ளிக்கொண்டு பியானோவிடம் போனாள். "நிறுத்துங்க மாஸ்ட்ரோ."

"முடியல சினியோரா. என் கையப் பாருங்க."

அவர் தோள்களைப் பின்னுக்கு இழுத்துக்கொண்டிருந்தார். மணிக்கட்டுக்குக் கீழே விரல்கள் மட்டும் தம்பாட்டுக்கு வாசித்துக்கொண்டிருந்தன.

"வாயத் திறக்காதீங்கன்னு சொன்னேனே. அந்தக் காலத்துல ஒருத்தி இந்தக் கட்டில்ல இதே பாட்டப் பாடினா. இப்பக் கேக்குதே, இவங்கதான் பிஸ் பிஸ்னு கேட்டுக்கிட்டே இருந்தாங்க. அவளும் மறுக்க முடியாம பாடிக்கிட்டே இருந்தா."

"எப்ப விட்டாங்க?"

"விடல," என்றார் தூல்லியோ. "அவ செத்தா. அப்பவும் கேட்டாங்க."

ஓர்னெல்லா பியானோவின் விளிம்பைப் பிடித்துக்கொண்டாள். பயம்தான், சந்தேகமே இல்லை. ஆனால் பயத்துக்கு அடியில் இன்னொன்று கொதித்தது. யார் இவர்கள்? வெல்வெட் நாற்காலியில் உட்கார்ந்து, ஒரு பெண் சாவதைத் திரும்பத் திரும்பக் கேட்க? என் பிள்ளையையா? இத்தனை பெரிய மனிதர்கள் பிஸ் கேட்கிற அரங்கில், அதை வெட்டிப் போட ஒரே ஒரு வழிதான் உண்டு. மேல்மாடியில் எல்லோருக்கும் தெரியும். சீழ்க்கை வாங்கியவளிடம் யாரும் மறுபடி பாடச் சொல்ல மாட்டார்கள்.

சாம்பல் கோட்டு அங்கேதான் இருந்தது. இலாரியாவின் பன்னிரண்டு வருடமும் அந்தக் கோட்டுப் பைக்குள் இருந்தது.

கட்டிலில் மகளின் குரல் நூலாகிக்கொண்டிருந்தது.

ஓர்னெல்லா இரண்டு விரலை வாயில் வைத்தாள்.

அறையே கிழிந்தது. மூடுபனியில் எதிரே வரும் படகை நிற்கச் செய்கிற சீழ்க்கை அது. பியானோ தடுமாறியது. இன்னொன்று அடித்தாள்.

"இதெல்லாம் ஒரு பாட்டா? பூனையே தேவலாம். யாருடி உன்னப் பாடச் சொன்னது? வீட்டுக்குப் போடி. உனக்கு ஆகாத வேல இது. வீட்டுக்குப் போ."

பின்னாலிருந்த குரல்கள் அடங்கின. சாம்பல் கை விரல்களை விட்டது. இலாரியா எழுந்து உட்கார்ந்து, இருமி, காற்றை வாரி வாரி இழுத்தாள். பிறகு தாயைப் பார்த்தாள்.

"நீயா அம்மா?"

"நான்தான். கெளம்பு."

"உன் மூஞ்சியிலயே முழிக்க மாட்டேன்."

"முழிக்காத. போ."

இலாரியா போனாள். அழுதுகொண்டே, செருப்பில்லாமல், இரண்டு கன்னமும் ரத்தம் ஏறிச் சிவந்து, உயிரோடு போனாள். பிறகு கூட்டம் முணுமுணுத்துக்கொண்டு கலைந்தது. சாம்பல் கோட்டுக்காரர் வாசலில் நின்று, "உங்க மாதிரி ஆளுங்களாலதான் இந்தக் கலை நாசமாப் போகுது," என்றார். "அந்தப் பொண்ண இனிமே யார் எடுப்பா?" தூல்லியோ விடுபட்ட கைகளைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு ஓடினார்.

ஓர்னெல்லா கடைசியாகக் கதவை நோக்கி நடந்தாள். கதவு அவள் முகத்துக்கு நேராகச் சாத்திக்கொண்டது. அடித்துச் சாத்தவில்லை. வீட்டுக்காரர் விருந்தாளிக்காகச் சாத்துவதுபோல், மரியாதையாக.

கீழே தெருவில் மகளின் இருமல் கேட்டது. ஒரு முறை. தூரத்தில் இன்னொரு முறை. நல்லது.

பியானோ தானாகத் தொடங்கியது. அதே பாட்டு.

"பிஸ்," என்றன குரல்கள். இப்போது பக்கத்தில். காதுமடலில் மூச்சுப் படும் தூரத்தில். பாடுகிறவளை அனுப்பிவிட்டாய் அல்லவா, இனி நீ பாடு என்பதுபோல்.

அவள் வாய் திறந்தது. அவள் திறக்கவில்லை. நாக்கில் மெழுகு ருசி. பாடத் தெரியாத அவள் தொண்டையில் முதல் சுரம் ஏறி வந்து நின்றது. நெஞ்சுக்கூடு இறுகியது. கால்கள் கட்டிலின் பக்கம் இழுத்தன. ஒரு அடி. இன்னொன்று.

பல்லைக் கடித்தாள். நாக்கும் சேர்ந்து கடிபட்டது. ரத்தம் வந்தது. சுரம் நின்றது.

"மாட்டேன்," என்றாள். "என் பொண்ணையும் தர மாட்டேன், நானும் பாட மாட்டேன். கேளுங்க. உங்களுக்கு இதுதான்."

விரல். காற்று. சீழ்க்கை.

"பிஸ்."

சீழ்க்கை. மூச்சு வாங்கியது. அறுபத்திரண்டு வயது நெஞ்சு. சீழ்க்கை. சின்னதாகிவிட்டது. மெழுகுவர்த்திகள் ஒவ்வொன்றாக அணைந்தன. கட்டிலருகே ஒன்று மட்டும் மிச்சம்.

துப்பட்டி சரிந்தது.

சுவரோரம் படுத்திருந்தவள் எழுந்து உட்கார்ந்தாள். தலைமுடி கொத்துக் கொத்தாய். கண்ணிருந்த இடத்தில் கண் இல்லை. தாடை, பாடிப் பாடிக் கழன்று, மார்பில் தொங்கிக்கொண்டிருந்தது. அவள் ஓர்னெல்லாவின் வாயைப் பார்த்தாள். வாயில் இருந்த விரல்களைப் பார்த்தாள். வெகுநேரம் பார்த்தாள்.

"பிஸ்," என்றன குரல்கள்.

ஓர்னெல்லா ஊதினாள். காற்றுதான் வந்தது. அப்படியும் ஊதினாள்.

கட்டிலில் இருந்தவள் ஒரு கையால் தன் தாடையை எடுத்து மேலே பொருத்திப் பிடித்துக்கொண்டாள். மறுகையின் சாம்பல் விரல்கள் இரண்டை, உதடு இல்லாத அந்தப் பற்களுக்கு இடையே வைத்தாள். கழுத்துத் தோல் உப்பியது. இருட்டில் இருந்தவர்கள் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டு, அவள் சீழ்க்கை அடித்தாள்.