தனக்கு முன்னால் போனவன்

டீக்கடை பெஞ்சில் உட்கார்ந்ததுமே துளசிராமனின் நாக்கில் டீயின் தித்திப்பு இருந்தது. அவன் இன்னும் ஒரு வாய்கூடக் குடிக்கவில்லை.

"இன்னா துளசி, மறுபடியுமா? இப்பத்தான குட்ச்சிட்டுப் போன," என்றாள் கடைக்காரி கன்னியம்மா. "ஊட்ல பொண்டாட்டி ஒண்ணும் தர்றதில்லியா?"

பக்கத்தில் இருந்தவர்கள் சிரித்தார்கள். அவனும் சிரித்து வைத்தான். தூக்கக் கலக்கத்தில் குடித்தது மறந்திருக்கும் என்று சமாதானம் சொல்லிக்கொண்டு, கும்மிடிப்பூண்டி ஸ்டேஷனிலிருந்து வந்த கூட்டத்தோடு இரும்பாலைக்கு நடந்தான்.

கேட்டருகே மேரி நின்றிருந்தாள். அவள் புருஷன் சாலமோன் காணாமல் போனதிலிருந்து துளசிராமனைப் போலவே தினமும் ஆரம்பாக்கத்திலிருந்து ரயிலேறி வந்து, உள்ளே போகிற ஒவ்வொரு முகத்தையும் பார்க்கிறாள். ஆந்திரா பக்கம் எவளோடோ ஓடிவிட்டான் என்று ஊரில் பேச்சு.

"அண்ணே, எதுனா சேதி தெரிஞ்சிதா?"

துளசிராமன் இல்லையென்று தலையை ஆட்டினான். அவள் முகத்தைப் பார்க்கவில்லை.

சேதி தெரிந்தவன் அவன் ஒருவன்தான்.

ஆலையில் எண் போட்ட பித்தளை டோக்கன் ஆளுக்கொன்று உண்டு. கேட்டிலுள்ள பெட்டியில் அதைப் போட்டால் ஆள் வந்ததாகக் கணக்கு. ஷிப்டு முடிந்ததும் திரும்ப வாங்கிக்கொள்ள வேண்டும். ஷிப்டு மாறும் நெரிசலில் முகத்தை யாரும் பார்ப்பதில்லை. ஒருவனால் முடியாத நாளில் சிநேகிதன் அவன் டோக்கனைப் போட்டு அவன் வேலையையும் பார்த்துவிடுவான். சாலமோன் காணாமல் போன அன்று, வயிற்றுவலி என்று துளசிராமன் சொன்னது பொய். அவனுக்குத் தூங்க வேண்டியிருந்தது. தனக்கு ஷிப்டு இல்லாத சாலமோன் அவன் டோக்கனோடு, முகத்தில் துணி சுற்றிக்கொண்டு, தனியாக உலை மேடைக்கு ஏறினான். இறங்கவில்லை.

மறுநாள் மேடை ஓரத்தில் சாலமோனின் ஒற்றை ரப்பர் செருப்பு கிடந்தது. யாரும் பார்க்கும் முன் துளசிராமன் அதைக் காலால் உலைக்குள் தள்ளினான். ஷிப்டு முடிந்தும் வாங்காமல் கிடந்த தன் டோக்கனை, மறந்துவிட்டேன் என்று சொல்லி வாங்கிக்கொண்டான். வேலை போகாமல் தங்கியது.

இப்போது சட்டைப்பையைத் தடவினான். டோக்கன் இல்லை.

"இன்னா தேடுற நைனா?" என்றார் வாட்ச்மேன் ஆதிநாராயணன். "மொத ஆளா வந்து போட்டியே! போ, போ."

பெட்டிக்குள் எட்டிப் பார்த்தான். அடியில் அவனுடைய டோக்கன். விரல் நுனி பட்டதும் சுரீர் என்று சுட்டது.

சாலமோன் ரயிலில் சொன்ன கதை அப்போதுதான் நினைவுக்கு வந்தது. அலுப்புத் தெரியாமலிருக்க அவன் ஒரு நாட்டை இட்டுக்கட்டி வைத்திருந்தான், ஏழிழை நாடு. அங்கே சூரியன் கிடையாது. ஆளுக்கொரு இழை கொண்டுபோய்க் கொடுத்தால் தறிக்கோபுரத்தில் அன்றைய பொழுதை நெய்வார்கள். அந்தக் கோபுரத்துக் கல்லில் ஒரு வாக்கு: 'தன் இழையைப் பிறன் கையில் கொடுத்தவனிடமிருந்து காலம் பிரியத் தொடங்கும். அவன் போகுமிடமெல்லாம் அவனே முன்னால் போயிருப்பான். கடைசி இழை எங்கே அறும் என்று கேளாதே.'

"அப்டின்னா இன்னாடா அர்த்தம்?" என்று துளசிராமன் கேட்டான்.

"எனக்கு மட்டும் தெரியுமா? வாயில வந்துச்சு, சொன்னேன். டப்பு குடுத்தா கேக்குற, கம்னு கேளு," என்று சிரித்தான் சாலமோன்.

இன்று உலை மேடையில் துளசிராமன் தூக்க வேண்டிய பழைய இரும்பெல்லாம் ஏற்கெனவே உருகிக் கிடந்தது. சாப்பாட்டு டப்பா கழுவித் துடைத்திருந்தது, வயிறு நிறைந்திருந்தது. திரும்பும் ரயிலில் அவன் உட்கார்ந்த பலகையிலிருந்து சூடு ஏறியது, தீய்ந்த ரப்பரின் வாடையோடு. ஜன்னலுக்கு வெளியே நெல்வயல்கள் இருட்டிக்கொண்டு வந்தன.

வீட்டு வாசலில் மனைவி அஞ்சம்மாள் விளக்குக்குத் திரி போட்டுக்கொண்டிருந்தாள்.

"இன்னாய்யா திரும்பிட்ட? மேரி ஊட்டுக்குப் போய் உண்மைய சொல்லிட்டு வர்றேன்னு இப்பத்தான கெளம்புன. இன்னா உண்மை அது?"

அவனுக்கு முதலில் வந்தது பயம் அல்ல. அப்பாடா என்ற நிம்மதி. தான் சொல்ல வேண்டியதை எவனோ சொல்லியிருப்பான். அந்த நிம்மதியை உணர்ந்ததும் அவனுக்குத் தன் உடம்பே கூசியது. இல்லை. இதையாவது தானே சொல்ல வேண்டும். மேரியின் காலில் விழுந்து சொல்ல வேண்டும்.

ஓடினான்.

தெருவில் நாய்கள் இல்லை. காற்று இல்லை. மேரியின் வீட்டுக் கதவு திறந்திருந்தது. உள்ளே செவ்வெளிச்சம். விளக்கு ஏற்றவில்லை.

"வாண்ணே!" மேரி சிரித்துக்கொண்டே வந்தாள். எத்தனையோ நாளுக்குப் பின் தலை வாரிப் பூ வைத்திருந்தாள். "நீ அவர கூட்டியாந்து உட்டுப் போனதுமே பசிக்குதுன்னாரு. ஊரே ஓடிப்புட்டாருன்னுச்சி, நீதான் தேடிக் கண்டுபுடிச்ச. சாமி மாதிரிண்ணே நீ."

"மேரி, நான்…"

"நீ சொன்னதெல்லாம் போதும்ணே. உக்காரு."

வாயைத் திறந்தான். அவன் சொல்ல இருந்த வார்த்தைகள் முன்பே செலவாகியிருந்தன.

மேரி உள்ளே போய் உட்கார்ந்தாள். அவள் எதிரில் சுவரோரம் அது சம்மணமிட்டிருந்தது. மனித உயரம். உருக்கி வார்த்த இரும்பு. இடுக்குகளில் கனல். முகமிருக்க வேண்டிய இடம் வழவழவென்று.

தட்டில் சோறு கருகியது.

"மெதுவா சாப்புடு," என்றாள் மேரி. சாய்ந்து, முந்தானையால் அந்த வழவழப்பைத் துடைத்தாள். முந்தானை பற்றிக்கொண்டது. தீ அவள் கையேறி, தோளேறி, தலைப்பூவைத் தொட்டது. அவள் துடைத்துக்கொண்டே இருந்தாள், சிரித்தபடி.